மூச்சு விட இடமில்லாத பாட்டு

கயிறு நல்ல கயிறு, பாட்டுதான் கெட்ட பாட்டு. கம்பெனி சொன்னது இவ்வளவுதான். துறைமுக வாசல்ல மேஸ்திரி நின்னுக்கிட்டு அதை உரக்கச் சொன்னப்ப நான் மூட்டை மேல உக்காந்து ஊசியில நூல் கோத்துக்கிட்டிருந்தேன். எனக்கு வந்த ஆத்திரத்துல அந்தக் கோணி ஊசியாலயே அவன் வாயைத் தைச்சுடலாம்னு இருந்துச்சு. ஒரு பையனோட காலை முட்டிக்கு மேல அறுத்துப் போட்டிருக்கு, இவனுங்க பாட்டைப் பிடிச்சு விசாரிக்கப் போறானுங்களாம்.

அந்தப் பையனை நாங்க சேவல்னுதான் கூப்பிடுவோம். அவன் வேலை என்னன்னு சொன்னாத்தான் மத்தது புரியும். கப்பல் வயித்துல இருந்து சரக்கைத் தூக்கணும்னா, பெரிய மரத்துல கப்பி மாட்டி, கயிறு போட்டு, ஆளுங்க வரிசையா நின்னு இழுப்பாங்க. சரக்குக்குப் பக்கத்துல ஒருத்தன் நின்னு ஒரு வரி பாடுவான். அவன் பாடற நேரத்துல மத்தவங்க மூச்சு விட்டு, கையை மாத்திப் பிடிச்சு, காலை ஊனிக்குவாங்க. அவன் முடிச்சதும் எல்லாரும் ஒரே சொல்லா பதில் குடுத்து ஒரே இழுப்பா இழுப்பாங்க. பாட்டுக்காரன் கயிறைத் தொடமாட்டான், மூட்டையைத் தொடமாட்டான், ஆனா அத்தனை பேர் உசுரும் அவன் தொண்டையிலதான் இருக்கும். சேவல் அந்த வேலைக்காரன். "நான் பாடி ஒருத்தனுக்கு ஒரு நகம் பேந்ததில்ல ஊசியக்கா"ன்னு என்கிட்ட பெருமை அடிச்சுக்குவான். என்னைத் தெருவுல ஊசின்னுதான் சொல்லுவாங்க. சாக்குத் தைக்கிறதால வந்த பேருன்னு நான் சொல்லிக்கிறேன், வாயால வந்த பேருன்னு மத்தவங்க சொல்லிக்கிறாங்க.

சேவலோட அக்காவும் என்கூட கிடங்குல சாக்குத் தைக்கிறவதான். அவங்க வீட்டுக்கும் எங்க வீட்டுக்கும் நடுவுல ஒரே சுவரு. அங்க உப்பு டப்பாவைத் திறந்தா இங்க எனக்குக் கேக்கும். அவ புருஷன்தான் மெம்பர். முதல்ல அவருக்கு வாத்தியார்னு பேரு, அப்புறம் கவிஞர்னு பேரு, கவர்னர் சபையில நாற்காலி கிடைச்சதும் மெம்பர்னு பேரு. பேரு மாற மாற அவரு சட்டை வெளுத்துக்கிட்டே போச்சு. அடுப்பு என்னவோ அவ தைச்ச சாக்குலதான் எரிஞ்சுது.

அந்த நாற்காலியும் பாட்டால வந்ததுதான். புதுத் துறைமேடையைத் திறந்து வைக்க கவர்னர் வந்தப்ப வரவேற்புப் பாட்டு எழுதினவரு இவருதான்.

"அலைகடல் தாண்டி வந்தவரே" – "வாங்க"
"அன்பால் ஆள வந்தவரே" – "வாங்க"

பள்ளிக்கூடப் பிள்ளைங்க வெயில்ல வரிசையா நின்னு பாடுச்சுங்க. கவர்னருக்கு ஒரு எழுத்துப் புரியல, ஆனாலும் தலையைத் தலையை ஆட்டினாரு. கொஞ்ச நாள்ல நம்ம ஆளு சபையில போய் உக்காந்துட்டாரு. எனக்கு அன்னிக்கே பத்திக்கிட்டு வந்துச்சு. துறைமேடை கட்டுறோம்னு எங்க தெருவுல பாதியை இடிச்சது எந்த அன்புன்னு நேராவே கேட்டேன்.

"உள்ள போய் உக்காந்தாதான் நமக்கு வேண்டியதைக் கேட்டு வாங்க முடியும் அக்கா. வெளிய நின்னு கத்தினா யாருக்குக் கேக்கும்?"னாரு.

"உள்ள போனவங்க பேசறதும் எங்களுக்குக் கேக்கறதில்லையே"ன்னேன். அவரு சிரிச்சுக்கிட்டே போயிட்டாரு. அப்பெல்லாம் நல்லாச் சிரிப்பாரு.

இதுல வேடிக்கை என்னன்னா, அந்தப் பாட்டைச் சேவல் துறைமேடைக்குக் கொண்டு போயிட்டான். இழுக்கறதுக்குன்னே அளவெடுத்துத் தைச்ச மாதிரி இருந்துச்சு. இவன் ஒரு வரி பாடி நிறுத்துவான், அவங்க "வாங்க"ன்னு ஒரு இழுப்பு இழுப்பாங்க, பெட்டி ஒரு முழம் ஏறும். "மாமா பாட்டுக்குக் கவர்னரு வந்தாரோ இல்லியோ, பெட்டி வருது"ம்பான். துரைங்க கப்பல் மேல நின்னு, நம்ம கூலிக்காரனுக்கு நம்ம மேல எவ்வளவு பக்தின்னு பூரிச்சுப் போவானுங்க. இவனுங்க மரப்பெட்டியைத்தான் மரியாதையா கூப்பிட்டுக்கிட்டு இருந்தானுங்க.

துறைமேடையில குடிக்கத் தண்ணி கிடையாது. சுத்திலும் கடல், வாயில வைக்க ஒரு சொட்டு இல்ல. வாசலுக்கு வெளிய குழாய் இருக்கு. தண்ணி குடிக்கப் போனவனை மேஸ்திரி திரும்ப உள்ள விடமாட்டான். ஒருத்தன் ரெண்டு பேரு இல்ல, மயங்கி விழாத ஆளே அங்க கிடையாது. சேவலும் அவன் அக்காவும் மெம்பரைப் பிடிச்சுக்கிட்டாங்க, சபையில கேளுங்கன்னு. சோறு போடறப்பவும் தண்ணி, படுக்கப் போறப்பவும் தண்ணி. சுவருக்கு இந்தப் பக்கம் எனக்கே காது புளிச்சுப் போச்சு.

கடைசியில கேட்டாரு. துரைங்க பாஷையில, எழுந்து நின்னு, மரியாதை சொல்லெல்லாம் முன்னாடி பின்னாடி வச்சு, ஒரு குழாய் போட்டுத் தரணும்னு கேட்டாரு. கவர்னர் பொறுமையாக் கேட்டாராம். கேட்டு முடிச்சுட்டு, அவரு பேச்சுல ஒரு சொல்லைத் தப்பா உச்சரிச்சுட்டாருன்னு அதைத் திருத்திச் சொன்னாராம். சபையே கொல்லுன்னு சிரிச்சுதாம். அப்புறம் அடுத்த விஷயத்துக்குப் போயிட்டாங்க. தண்ணியைப் பத்தி ஒருத்தனும் வாயைத் திறக்கல.

அன்னிக்கு வீட்டுக்கு வந்தவரு சட்டையைக்கூடக் கழட்டல. அடுப்படியில போய் சுவத்துல சாஞ்சு உக்காந்துட்டாரு. பொண்டாட்டி கஞ்சியை முன்னாடி வச்சா, தொடல. என்ன நடந்துச்சுன்னு கேட்டு, அரையும் குறையுமா சொல்ல வச்சா. கேட்டதும் அவளுக்கு வந்துச்சு பாருங்க.

"அத்தனை பேரு நாக்கு வறண்டு விழுந்தப்ப உங்களுக்குக் கோவம் வரல. உங்க நாக்கு புரளலன்னு சிரிச்சதும் கோவம் வந்துடுச்சு"ன்னா.

ஆனா ஒண்ணு, எந்த வழியா வந்தாலும் கோவம் கோவம்தான். அந்தக் கோவத்துலதான் புதுப் பாட்டு வந்துச்சு.

"எங்க மண்ணு எங்க தண்ணி எங்க வேர்வை எங்க நாளு
எழுந்து நட எழுந்து நட இறங்கட்டும் ஏறினவன்"

ஊர்வலப் பாட்டு. ஒருத்தன் பாடி இன்னொருத்தன் பதில் சொல்ற கதையெல்லாம் இல்ல. எல்லாரும் எல்லா வரியையும் சேர்ந்து பாடணும், நிறுத்தாம பாடணும், கடைசிச் சொல்லு முடியறதுக்குள்ள முதல் சொல்லு வந்து முட்டும். முதல் தடவை சுவர் வழியாக் கேட்டப்ப எனக்குக் கையெல்லாம் மயிர் நின்னுக்கிச்சு. பேரு போடாம விட்டாரு. எங்க தெருவுல பிடிச்ச பாட்டு ஊரெல்லாம் பரவிச்சு. போலீஸ் தடை போட்டுச்சு. எழுதினது யாருன்னு தெருவுல நாய்க்குட்டிக்குக்கூடத் தெரியும், ஒருத்தரும் சொல்லல.

சரி, பாட்டு எழுதிட்டாரே, நாற்காலியை விட்டாரான்னா, விடல. காலையில வெள்ளைச் சட்டை போட்டுக்கிட்டு சபைக்குப் போவாரு. சாயங்காலம் கதவைச் சாத்திக்கிட்டு, தெருவுல பிள்ளைங்க அந்தப் பாட்டைப் பாடறதை உள்ள நின்னு கேப்பாரு. "வெளிய வந்து கூட நடந்தா என்னவாம்?"னு நான் கேட்டதுக்கு, "நேரம் வரும் அக்கா"ன்னாரு. இவரு நேரம் பார்த்துக்கிட்டு இருந்தாரு. துறைமேடையில இருந்தவங்களுக்குப் பொறுமை இல்ல.

சேவலுக்குக் காலு போன அன்னிக்கு ரயிலுக்கு இயந்திரம் வந்திருந்துச்சு. இரும்பு, ஒரு வீட்டளவு பெட்டி. நல்ல வெயில். வழக்கம்போல "வாங்க" பாட்டுலதான் ஆரம்பிச்சாங்க. பாதி ஏறினப்ப வரிசையில எவனோ ஒருத்தன் சும்மா, வாய்க்குள்ள, புதுப் பாட்டை முணுமுணுத்திருக்கான். பக்கத்துல இருந்தவன் சேர்ந்துக்கிட்டான். சேவல் நிறுத்தியிருக்கணும். நிறுத்தல. அவனே எடுத்துப் பாடிட்டான். துரைங்க மேல நிக்கறானுங்க, ஒரு வார்த்தை புரியல, தலையை ஆட்டறானுங்க. அவனுங்க முகத்துக்கு நேரா, இறங்கட்டும் ஏறினவன்னு இத்தனை பேரும் தொண்டை கிழியப் பாடறாங்க. எனக்குக் கிடங்கு வரைக்கும் கேட்டுச்சு. ஊசியை வச்சுட்டு நானும் எழுந்து நின்னுட்டேன், பொய் சொல்லல.

அந்தப் பாட்டுல மூச்சு விட இடமில்ல. கை மாத்த இடமில்ல. ஒவ்வொரு அடிக்கும் வெட்டி வெட்டி இழுத்திருக்காங்க. பெட்டி ஊஞ்சலா ஆடியிருக்கு. கயிறோ போன மழையிலயே இத்துப் போன கயிறு. மாத்துங்க மாத்துங்கன்னு ஆளுங்க மேஸ்திரிகிட்ட சொல்லிச் சொல்லி அலுத்துட்டாங்க. அவன் மாத்தினான், எப்படி? மேல தார் பூசி மாத்தினான். பார்க்கப் புதுசா இருந்துச்சு. கயிறு அறுந்துச்சு. பக்கத்துல நின்னு பாடினவன் காலு மேல பெட்டியோட மூலை இறங்கிச்சு.

ஆஸ்பத்திரியில காலை எடுத்துட்டு, காயம் ஆறறதுக்குள்ளயே இடமில்லன்னு அனுப்பிட்டானுங்க. அக்கா வீட்டு முன்கூடத்துல கட்டில் போட்டுப் படுக்க வச்சாங்க. வீடெல்லாம் மருந்து நெடி. அவன் அக்கா வேலைக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு தடவை, வந்த பிறகு ஒரு தடவை துணியை வெந்நியில போட்டு அலசிக் கட்டுவா. பகல்ல நான் தையலை அங்கேயே தூக்கிட்டு வந்து உக்காந்துக்குவேன். சேவல் வாய் ஓயாது.

"ஊசியக்கா, சாக்குத் தைக்கிற மாதிரி என்னையும் தைச்சு விட்டுடு. ஒரு பக்கம் வாய் திறந்திருக்கு."

"உன் வாயைத்தாண்டா முதல்ல தைக்கணும்"ம்பேன். ரெண்டு பேரும் சிரிப்போம். சிரிச்சுட்டு அவன் சுவத்துப் பக்கம் திரும்பிக்குவான்.

மெம்பர் கட்டிலுக்குப் பக்கத்துல உக்காருவாரு, எழுந்திருப்பாரு, ஜன்னலுக்குப் போவாரு, திரும்ப வருவாரு. ஒரு நாள் சேவல் சொன்னான்.

"மாமா, நீங்க இப்படி நடந்தா எனக்குத் தலை சுத்துது. உக்காருங்க. ஒண்ணு சொல்றேன், அக்காகிட்ட சொல்லாதீங்க. பாதியிலயே எனக்குத் தெரிஞ்சு போச்சு மாமா. இந்தப் பாட்டுல இழுக்க முடியாதுன்னு தெரிஞ்சுச்சு. பெட்டி ஆடறதையும் பார்த்தேன். நிறுத்த மனசு வரல. இத்தனை வருசமா வாங்க வாங்கன்னு பாடின வாய், அதான் நிறுத்த மனசு வரல."

மெம்பர் அவன் கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதாரு. நான் குனிஞ்சு தைச்சுக்கிட்டே இருந்தேன். எனக்கும் கண்ணு மறைச்சுது, ஆனா அழுகையில பாதி எரிச்சல்தான்.

விசாரணைன்னு நாள் குறிச்சாங்க. அதுக்கு முன்னாடி கவர்னர் ஆபீஸ்ல இருந்து ஒருத்தன் வந்தான். நம்ம ஆளுதான், மூக்குக் கண்ணாடி போட்ட குமாஸ்தா. தெருவுல கண்ணாடின்னு சொல்லுவோம். கட்டிலைப் பார்த்துட்டுப் பார்க்காத மாதிரி உக்காந்தான்.

"மெம்பர், பாட்டு யாரு எழுதினதுன்னு துரை கேக்கப் போறதில்ல. அவருக்கு அது வேணாம். விசாரணையில வந்து, இந்த மாதிரிப் பாட்டெல்லாம் வேலைக்கு ஆபத்துன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. மெம்பரே சொன்னாருன்னா ஊர் கேக்கும். உங்க நாற்காலி உங்களுக்கு. தம்பிக்கு வாசல்ல காவல் வேலை. உக்காந்தே பார்க்கலாம்."

"உக்காந்தே பார்க்கலாமா, ரொம்பப் பெரிய மனசு"ன்னான் சேவல் கட்டில்ல இருந்து.

"கயிறு?"ன்னு கேட்டா அவன் அக்கா. அப்பத்தான் கிடங்குல இருந்து வந்து, தலையில சணல் தூசியோட நின்னுக்கிட்டிருந்தா.

"கயிறு நல்ல கயிறும்மா"ன்னான் கண்ணாடி.

"நல்ல கயிறு எப்படி அறுந்துச்சு?"

"அதான் பாட்டு."

"அப்ப ஒண்ணு செய்யுங்க. அந்தக் கயிறுல உங்க துரையைக் கட்டித் தூக்குங்க, நான் பாடறேன்"ன்னா. கண்ணாடி கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கிட்டு, யோசிச்சுச் சொல்லுங்கன்னு மெம்பரைப் பார்த்துச் சொல்லிட்டுப் போயிட்டான்.

மெம்பர் யோசிச்சாரு. யோசிச்சு முடிச்சுட்டு எழுந்து நின்னாரு. அவரு எழுந்து நின்னா எனக்குப் பயம், பேச்சு வரும்.

"நான் விசாரணைக்குப் போறேன். ஆனா அவங்க சொன்னதைச் சொல்ல இல்ல. என் பாட்டுதான் இவன் காலை எடுத்துச்சுன்னு எல்லார் முன்னாடியும் சொல்லப் போறேன். கயிறைத் தொட்டுப் பார்க்காதவன் எழுதின பாட்டு. பாவம் என்னுது. ஊரறிய அதை ஒத்துக்கிட்டு, என்ன தண்டனை குடுத்தாலும் ஏத்துக்கறேன். இனிமே நான் பேனாவையே தொடப் போறதில்ல."

அவ கையில துணி அலசின பாத்திரம் இருந்துச்சு. அதைக் கீழ வச்சா. அவரை எப்பவும் வாங்க போங்கன்னுதான் பேசுவா.

"அழறதுக்கும் உனக்கு ஒரு மேடை வேணுமா?"ன்னா.



"கம்பெனி என்ன சொல்லுது? பாட்டுதான் காரணம்னு சொல்லுது. நீ எழுந்து என்ன சொல்லப் போற? பாட்டுதான் காரணம்னு சொல்லப் போற. அப்ப நீ எந்தப் பக்கம்? வரவேற்புப் பாட்டு எழுதினப்பவும் அவனுங்க பக்கம். இப்ப ஒப்பாரி வைக்கிறப்பவும் அவனுங்க பக்கம். உன் கோவமும் உன்னைப் பத்தி, உன் அழுகையும் உன்னைப் பத்தி. அவன் காலைப் பத்தி எப்பய்யா பேசுவ?"

"அக்கா, விடு"ன்னான் சேவல்.

"நீ சும்மா கிட. அவனுங்க அறுந்த கயிறை என்ன பண்ணினானுங்கன்னு இவருக்குத் தெரியுமா? போய்ப் பார்த்தாரா? முடிச்சுப் போட்டு மறுநாளே மாட்டிட்டானுங்க. அதே கயிறுலதான் இன்னிக்கும் இழுக்கறாங்க. நாளைக்கு இன்னொருத்தி தம்பிக்கு இருக்கு."

மெம்பர் என்னைப் பார்த்தாரு. நான் என்ன சொல்றது? ஆமான்னு தலையை ஆட்டினேன். அந்த முடிச்சை நானும் பார்த்திருக்கேன், குழந்தை தலை அளவுக்கு இருக்கும்.

மறுநாள் அவரு துறைமேடைக்குப் போனாரு. மெம்பர்ங்கறதால வாசல்ல தடுக்கல. போய் அந்தக் கயிறைப் பிடிச்சு, முடிச்சுக்குப் பக்கத்துல பிரிச்சுப் பார்த்திருக்காரு. மேல தார், உள்ள தூளு. விரலால நிமிண்டினா உதிருது. இழுக்கறவங்ககிட்ட, நானும் பிடிச்சுப் பார்க்கட்டுமான்னு கேட்டாராம். வேணாம் மெம்பரே, நீங்க வந்தா எங்களுக்கு இன்னும் கனம்னு சொல்லிட்டாங்களாம். சட்டையெல்லாம் தாரோட வீட்டுக்கு வந்தாரு. அவ சோத்தைப் போட்டா. சாப்பிட்டாரு.

விசாரணை கம்பெனி ஆபீஸ் மாடியில நடந்துச்சு. எங்களை உள்ள விடல. சாக்குத் தைக்கிறவங்க, மூட்டை தூக்கறவங்க, கயிறு இழுக்கறவங்க எல்லாரும் கீழ முற்றத்துல நின்னோம். ஜன்னல் திறந்திருந்துச்சு, பேசறது நல்லாக் கேட்டுச்சு. மேஸ்திரி சாமி சத்தியமா கயிறு நல்ல கயிறுன்னான். எந்தச் சாமியோ, அவன் நாக்கு அழுகல. அப்புறம் மெம்பரைக் கூப்பிட்டாங்க.

துரைங்க பாஷை நல்லாத் தெரிஞ்சவரு, அன்னிக்கு அதுல ஒரு வார்த்தை பேசல. நம்ம பேச்சுல, கீழ நிக்கற எங்களுக்குக் கேக்கற மாதிரி பேசினாரு. கண்ணாடிதான் மொழிபெயர்த்துச் சொல்ல நின்னான்.

"பாட்டு என்னுது. யாரும் சொல்லிக் குடுக்கல, நானே எழுதினது. அதுல மூச்சு விட இடம் வைக்காதது என் தப்பு. கயிறு உங்களுது. அது உள்ள தூளாக் கிடக்கு, மேல தார் பூசியிருக்கு, அறுந்த இடத்துல முடிச்சுப் போட்டு இன்னும் தொங்குது. இங்க இருந்து எட்டிப் பார்த்தாத் தெரியும், எட்டிப் பாருங்க. நல்ல கயிறு எந்தப் பாட்டுக்கும் அறாது. இத்தனை நாளு உங்க சபையில உக்காந்து நான் கேட்டது ஒரு குழாய். இனி நான் அங்க உக்காரல. உங்களைக் கேக்கறதும் இல்ல. இந்தத் துறை எங்களுது, தண்ணி எங்களுது. நீங்கதான் எங்ககிட்ட கேட்டுட்டு நிக்கணும்."

கீழ ஒருத்தனும் கை தட்டல. எல்லாரும் மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நின்னோம். மேல விசாரணை துரை கண்ணாடிகிட்ட ஏதோ கேட்டாரு.

"பாட்டு உங்களுதுதான்னு ஒத்துக்கறீங்களான்னு கேக்கறாரு."

"ஆமா."

"அதுல தப்பு இருக்குன்னு சொன்னீங்களே, அதையும்?"

"ஆமா. ஆனா கயிறு–"

"போதும்னு சொல்றாரு"ன்னான் கண்ணாடி.

அந்தப் போதும்ங்கறதோட முடிச்சுட்டானுங்க. கயிறுன்னு அவரு சொன்ன எதுவும் எழுத்துல ஏறல. ஜன்னலுக்குப் பக்கத்துல வந்து ஒருத்தனும் எட்டிப் பார்க்கல. போலீஸ் அவரை மாடிப்படியில இறக்கிக் கூட்டிட்டு வந்துச்சு. எங்க பக்கமா வந்தப்ப பொண்டாட்டியைப் பார்த்தாரு. அவ நேராப் பார்த்துக்கிட்டு நின்னா. கண்ணுல தண்ணி இல்ல.

தீர்ப்பை மறுபடி அதே வாசல்ல, அதே மேஸ்திரி வந்து சொன்னான். பாட்டு எழுதினவனே தன் பாட்டுல தப்புன்னு ஒத்துக்கிட்டான், அதனால கம்பெனி மேல குத்தமில்ல. மெம்பருக்கு ஜெயில். சேவலுக்குக் காவல் வேலையும் கிடையாது, ஒண்ணும் கிடையாது. இன்னியில இருந்து துறைமேடையில எந்தப் பாட்டும் பாடக் கூடாது. இதைச் சொல்லிட்டு மேஸ்திரி என்னைப் பார்த்து இளிச்சான். அந்த மனுஷன் வாயைத் திறந்து உண்மையைச் சொன்னதுல பாதியைக் கத்தரிச்சு, அதையே அவரு கழுத்துல மாட்டிட்டானுங்க.

மறுநாள் காலையில ஆளுங்க வந்தாங்க. கயிறைப் பிடிச்சு வரிசையா நின்னாங்க. மேஸ்திரி இழுங்கடான்னான். யாரும் இழுக்கல.

"என்னங்கடா?"

"பாட்டு இல்லாம எப்படிங்க இழுக்கறது? பாடக் கூடாதுன்னு உத்தரவு"ன்னான் முன்னாடி நின்னவன், ரொம்பப் பணிவா.

மேஸ்திரி ஒண்ணு ரெண்டுன்னு எண்ணிப் பார்த்தான். ஆளுக்கு ஒரு நேரத்துல இழுத்தாங்க. பெட்டி இருந்த இடத்துல சொகமா இருந்துச்சு. விசில் ஊதினான், தடியால தரையைத் தட்டினான், தாய் தகப்பனை இழுத்துத் திட்டினான். "நாங்க இழுக்கறோமுங்க, அதுதான் வரமாட்டேங்குது"ன்னாங்க. வேலைநிறுத்தம்னு யாரையும் பிடிக்க முடியல, எல்லாரும் வேலையிலதான் நிக்கறாங்க. அந்தக் கப்பல் நின்னுச்சு. அதுக்குப் பின்னால வந்த கப்பல் வெளிய நின்னுச்சு. சரக்கு வராம கிடங்குல எங்களுக்கும் தைக்க சாக்கு இல்ல. அடுப்பு எரியலதான், இல்லன்னு சொல்லல. அந்தப் பட்டினி எனக்குப் பழைய பட்டினி மாதிரி இல்ல.

கண்ணாடி திரும்பவும் வந்தான். இந்தத் தடவை கட்டிலைப் பார்த்துதான் பேசினான்.

"தம்பி, அந்த வரவேற்புப் பாட்டுக்கு மட்டும் துரை அனுமதி குடுத்திருக்காரு. நீ வந்து உக்காந்து பாடினா ஆளுங்க இழுப்பாங்க. காவல் வேலையும் திரும்பக் கிடைக்கும்."

அவன் அக்கா வாயைத் திறக்கறதுக்குள்ள சேவல் கையைக் காட்டி நிறுத்தினான். தொண்டையைத் தடவிக்கிட்டான்.

"தொண்டை கட்டியிருக்குங்க."

"எப்பச் சரியாகும்?"

"புதுக் கயிறு வாசனை பட்டாச் சரியாகும்ங்க. அப்படியே குழாய்த் தண்ணியும் பக்கத்துல இருந்தா ரொம்ப நல்லது, அடிக்கடி நனைச்சுக்கணும் பாருங்க."

கண்ணாடி எழுந்தான். போறப்ப, "நான் சொல்லிப் பார்க்கறேன்"னான். அவன் மூஞ்சியில ஏதோ ஒரு மாதிரி இருந்துச்சு. அவனுக்கும் துரைங்களைப் பார்த்து உள்ளுக்குள்ள எரிஞ்சுதோ என்னவோ, நான் அவனுக்கு அந்தப் பெருமையைக் குடுக்கத் தயாரா இல்ல.

கயிறு வந்துச்சு. மஞ்சளா, புதுசா, வாசனையா. குழாய் வரல, பீப்பாயில தண்ணி வந்துச்சு. சேவலை ஒரு பலகையில வச்சுத் தூக்கிட்டுப் போனாங்க. மூட்டைங்களை அடுக்கி மேல உக்கார வச்சாங்க. முதல்ல தண்ணி கேட்டான். குடிச்சான். பெட்டியைப் பார்த்தான். அவன் முகம் வெளுத்துப் போறதை நான் பார்த்தேன். எல்லாரும் கயிறைப் பிடிச்சுக்கிட்டு அவன் வாயையே பார்த்துக்கிட்டு நின்னாங்க.

"எங்க மண்ணு, எங்க தண்ணி"ன்னான். நிறுத்தினான்.

ஒரு நிமிஷம் யாருக்கும் என்னன்னு பிடிபடல. அப்புறம் மொத்த வரிசையும், "எழுந்து நட"ன்னுச்சு. பெட்டி ஒரு முழம் ஏறிச்சு. மேல துரைங்க தலையை ஆட்டினானுங்க. கண்ணாடி மேஸ்திரியைப் பார்த்தான், மேஸ்திரி கண்ணாடியைப் பார்த்தான். வெளிய காத்துக்கிட்டிருந்த கப்பல்களை ரெண்டு பேரும் பார்த்தாங்க. ஒருத்தனும் வாயைத் திறக்கல.

மெம்பரைப் பார்க்க எங்களை விட்டது அதுக்கப்புறம் ரொம்ப நாள் கழிச்சு. அவரு பொண்டாட்டியும் நானும் போனோம். ரொட்டி கொண்டு போனதை வாசல்லயே பிடுங்கிட்டானுங்க. கம்பிக்கு அந்தப் பக்கம் வந்து நின்னாரு. வெள்ளைச் சட்டை இல்லாம அவரை நான் அன்னிக்குத்தான் பார்க்கறேன். இளைச்சு, நரைச்சு, அசப்புல எங்க தெரு ஆளு மாதிரி இருந்தாரு. கை ரெண்டும் காய்ச்சிருந்துச்சு. உள்ள கல்லு உடைக்க விட்டிருக்கானுங்க.

அவ நடந்ததையெல்லாம் சொன்னா. கயிறு வந்தது, தண்ணி வந்தது, தம்பி பாடினது.

"என் பாட்டா?"ன்னாரு.

"உங்க பாட்டுதான். கொஞ்சம் எடுத்துட்டாங்க."

"எதை?"

"எங்க வேர்வை எங்க நாளு, அதை எடுத்துட்டாங்க."

அவரு முகம் ஒரு மாதிரி ஆச்சு. "அதுதான் அந்தப் பாட்டுலயே நல்ல இடம்"னாரு.

"ஆமா. அங்கதான் மூச்சு விடறாங்க."

கம்பியைப் பிடிச்சுக்கிட்டு நின்னாரு. உதடு அசைஞ்சுது. அந்த இடத்தை விட்டுட்டு மனசுக்குள்ள பாடிப் பார்க்கறாருன்னு எனக்குத் தெரிஞ்சுது.

"இழுக்குதா?"ன்னு கேட்டாரு.

"இழுக்குது. என் தம்பி உக்காந்துக்கிட்டுப் பாடறான்."

அவரு தலை குனிஞ்சுது. அவ குனிய விடல.

"நிமிர்ந்து என்னைப் பாருங்க. உங்களை மன்னிச்சுட்டேன்னு சொல்ல நான் இவ்வளவு தூரம் நடந்து வரல. குழாய் இன்னும் வரல. அவனுங்க இன்னும் அங்கேயேதான் இருக்கானுங்க. ஆளுங்க அடுத்த பாட்டு கேக்கறாங்க. உள்ள பேனா குடுக்கலன்னா வாயாலயே சொல்லுங்க, நான் மனசுல வச்சுக்கிட்டுப் போறேன்."